ஏழு மில்லிமீட்டர் முடிச்சும் ஆறு மாதக் காத்திருப்பும்

கேள்வி: சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்தில் நெடுங்காலம் பால்மரம் வெட்டிய என் அப்பாவுக்கு இப்போது 62 வயது. பட்டணத்துக்குக் குடிவந்த பிறகு ஜாகா (காவல்) வேலை பார்க்கிறார். இளவயதிலிருந்தே நாளொன்றுக்கு அரைப் பெட்டி சிகரெட் பிடிப்பவர். இன்னும் முழுதாக விடவில்லை. மூன்று வாரமாக இருமல் என்று எடுத்த எக்ஸ்ரேயில் ஏதோ நிழல் தெரிந்ததால் ஈப்போவில் சி.டி. ஸ்கேன் எடுத்தோம். வலது நுரையீரலின் மேல்மடலில் 7 மி.மீ. அளவில் கெட்டியான நோடியூல் (முடிச்சு) ஒன்று இருப்பதாகவும், அதன் ஓரம் வழவழப்பாக இருப்பதாகவும், ஆறு மாதம் கழித்து மறுபடியும் ஸ்கேன் எடுக்க வேண்டும் என்றும் அறிக்கை சொல்கிறது. லயத்து வீட்டில் இருந்த காலத்தில் பாட்டிக்குக் காசநோய் வந்து குணமானது. இப்போதே வெட்டி எடுத்துவிட வேண்டும் என்கிறான் தம்பி. ஊசி பட்டால் பரவிவிடும், தொடவே கூடாது என்கிறார் பெரியப்பா. புற்றுநோயாக இருக்கக்கூடிய ஒன்றை வைத்துக்கொண்டு ஆறு மாதம் சும்மா இருப்பது சரியா? அப்பாவின் புகையைச் சுவாசித்த அம்மாவுக்கும் ஸ்கேன் எடுக்க வேண்டுமா?

பதில்: ஆறு மாதம் கழித்து வரச் சொன்னதை அலட்சியம் என்று எண்ண வேண்டாம், உங்கள் தந்தையின் முடிச்சுக்கு அதுவே முறையான மருத்துவ முடிவு. ஆனால் குறித்த காலத்தில் இரண்டாவது ஸ்கேன் உண்மையிலேயே எடுக்கப்பட்டு, முதல் ஸ்கேனின் படங்களோடு பக்கத்தில் வைத்து ஒப்பிடப்பட்டால்தான் அந்த முடிவு பாதுகாப்பானதாகும். என் கவலையெல்லாம் காத்திருக்கும் ஆறு மாதத்தைப் பற்றியதன்று; ஏழாவது மாதத்தில் இருமலும் நின்று, வேலைக்கு விடுப்பும் கிடைக்காமல், ஈப்போவுக்குப் போகும் நாள் தள்ளிப் போய்க்கொண்டே இருப்பதைப் பற்றியதுதான்.

நுரையீரலுக்குள் 3 செ.மீ. வரை உள்ள உருண்டையான அடர்த்தியை முடிச்சு என்கிறோம். அதைத் தாண்டினால் கட்டி என்றே பெயர், அப்போது ஐயமும் பல மடங்கு கூடிவிடும். உங்கள் தந்தைக்கு இருப்பது பட்டாணி அளவு. 6 முதல் 8 மி.மீ. வரையுள்ள கெட்டியான முடிச்சுகளில் புற்றுநோயாக முடிபவை பொதுவாக 0.5 முதல் 2 விழுக்காடு வரைதான். உங்கள் தந்தையின் வயதையும் நெடுநாள் புகைப்பழக்கத்தையும் கருதினால், அவருடைய நிலை அந்த வரம்பின் மேல் முனையிலோ அதற்குச் சற்று மேலேயோ இருக்கலாம். அமெரிக்காவில் நடந்து 2011-இல் முடிவுகள் வெளியான தேசிய நுரையீரல் பரிசோதனை ஆய்வில் 53,000-க்கும் மேற்பட்டோர் பங்கேற்றனர்; அனைவரும் 55 முதல் 74 வயதுக்குட்பட்ட, கடுமையாகப் புகைபிடித்தவர்கள். அவர்களுள் சி.டி. ஸ்கேன் எடுத்துக்கொண்ட பிரிவில் ஏறத்தாழ நான்கில் ஒரு ஸ்கேன் ஐயத்துக்குரியதாக அமைந்தது; ஆனால் அவ்வாறு ஐயப்பட்டவற்றுள் 96 விழுக்காட்டுக்கும் மேல் புற்றுநோய் இல்லை என்றே முடிந்தன.

அப்படியானால் அவை என்ன? நம் நாட்டில் முதலில் நினைக்க வேண்டியது காசநோயை. மலேசியாவில் ஆண்டுக்கு 20,000-க்கும் மேற்பட்டோருக்குக் காசநோய் கண்டறியப்படுகிறது. நெருக்கமான லயத்து வீட்டில் ஒருவருக்கு வந்தால், உடனிருந்த பிள்ளைகளின் நுரையீரலிலும் கிருமி குடியேறி, உடல் அதைச் சுற்றி வேலி கட்டிய தழும்பு பல ஆண்டுகள் கழித்து ஸ்கேனில் முடிச்சாகத் தெரிவது வழக்கமான ஒன்று. இங்கே ஒரு சிக்கலும் உண்டு. மேல்மடலில் இருப்பது புற்றுநோய்க்கான வாய்ப்பைக் கூட்டும் என்று கணிப்பு முறைகள் சொல்கின்றன. காசநோயும் மேல்மடலையே விரும்பும். ஆகவே உங்கள் தந்தைக்கு முடிச்சு இருக்கும் இடம் இரு பக்கமும் பேசுகிறது. பாட்டியின் நோயைப் பற்றி மருத்துவரிடம் இதுவரை சொல்லவில்லை என்றால் கட்டாயம் சொல்லுங்கள். மண்ணிலும் தேங்கிய நீரிலும் வாழும் மெலியோய்டோசிஸ் கிருமியும் நுரையீரலில் இத்தகைய அடையாளங்களை உண்டாக்கலாம். தோட்ட வேலை செய்தவர்களுக்கு, குறிப்பாக இனிப்புநீர் (நீரிழிவு) உள்ளவர்களுக்கு, அது வரும் வாய்ப்பு கூடுதல் என்பதால், காய்ச்சல் இருந்தால் அதையும் மறைக்க வேண்டாம்.

அறிக்கையில் உள்ள சொற்களையும் சரியாகப் புரிந்துகொள்ள வேண்டும். ‘கெட்டியான’ என்பது முடிச்சின் பின்னே உள்ள இரத்தக் குழாய்களை மறைக்கும் அளவுக்கு அடர்த்தியானது என்று மட்டுமே பொருள்படும். சுண்ணாம்பு படிந்தது என்பது வேறு. முடிச்சு முழுவதும் அல்லது அதன் நடுவில் சுண்ணாம்பு படிந்திருந்தால் அது பெரும்பாலும் பழைய தழும்பு, தொடர்ந்து கண்காணிக்கவே தேவையில்லை. சுண்ணாம்பு படியாத 7 மி.மீ. முடிச்சு சாதாரண எக்ஸ்ரேயில் பெரும்பாலும் தெரியாது என்பதால், எக்ஸ்ரேயில் கண்ட நிழலும் ஸ்கேனில் கண்ட முடிச்சும் ஒன்றுதானா, முடிச்சில் சுண்ணாம்பு உண்டா என்ற இரண்டையும் மருத்துவரிடம் கேளுங்கள். முலைக்காம்பும் விலா எலும்பின் முனையும்கூட எக்ஸ்ரேயில் நிழலாகத் தெரிந்து ஆளைப் பதற வைப்பதுண்டு. ஓரம் வழவழப்பாக இருப்பது நல்ல செய்தி. முள் முள்ளாக நீட்டிக்கொண்டிருக்கும் ஓரமே புற்றுநோயை அதிகம் நினைக்க வைப்பது.

இனி ஆறு மாதக் கணக்குக்கு வருவோம். உங்கள் குடும்பத்தின் சண்டையே இதில்தான். கெட்டியான நுரையீரல் புற்றுக்கட்டி பெரும்பாலும் 100 முதல் 400 நாள்களுக்குள் தன் கன அளவில் இரட்டிப்பாகும். கன அளவு இரட்டிப்பானாலும் குறுக்களவு ஏறத்தாழ 26 விழுக்காடுதான் கூடும். மிக வேகமாக, 100 நாளில் இரட்டிப்பாகும் கட்டியாகவே வைத்துக்கொண்டாலும், ஒரு மாதத்தில் 7 மி.மீ. என்பது 7.5 மி.மீ. ஆகும், மூச்சை இழுக்கும் ஆழம் மாறினாலே வரக்கூடிய அளவுப் பிழை அதைவிடப் பெரிது. அதனால் அடுத்த மாதமே ஸ்கேன் எடுத்தால் பணமும் போகும், விடையும் கிடைக்காது. அதே கட்டி ஆறு மாதத்தில் 10.6 மி.மீ. வரை வளர்ந்திருக்கும், அந்த வேறுபாட்டைத் தவறவிடவே முடியாது. நிணநீர்க் கணுக்களுக்குப் பரவாத 2 செ.மீ.க்குட்பட்ட கட்டி அப்போதும் முதல் நிலையில்தான் இருக்கும். அறுவை சிகிச்சையால் குணப்படுத்தும் வாய்ப்பு நன்றாகவே உண்டு.

மெதுவாக, 400 நாளில் இரட்டிப்பாகும் கட்டியானால் கதை வேறு. ஆறு மாதத்தில் அது 7.8 மி.மீ. மட்டுமே ஆகியிருக்கும், குறுக்களவு 2 மி.மீ. கூடினால்தான் உண்மையான வளர்ச்சி என்று கொள்வது வழக்கம் என்பதால் ‘மாற்றமில்லை’ என்றே அறிக்கை வரும். ஒன்றரை ஆண்டில் அது 9.6 மி.மீ. ஆகியிருக்கும். நெஞ்சுப் படங்களை ஆராயும் வல்லுநர்களின் அமைப்பான ஃபிளெய்ஷ்னர் சங்கம் 2017-இல் வெளியிட்ட வழிகாட்டுதல், புகைபிடித்தவர்களின் 6 முதல் 8 மி.மீ. கெட்டி முடிச்சுக்கு 6 முதல் 12 மாதத்தில் ஒரு ஸ்கேனும், 18 முதல் 24 மாதத்தில் இன்னொன்றும் எடுக்கச் சொல்வது இதனால்தான். ஆறு மாத ஸ்கேனில் ‘மாற்றமில்லை’ என்று கேட்ட மகிழ்ச்சியில் அதற்கு அடுத்ததை விட்டுவிடுபவர்கள் ஏராளம். இரண்டு ஆண்டு வளராத கெட்டி முடிச்சைத்தான் தீங்கற்றது என்று நிம்மதியாகக் கைவிடலாம். முற்றிலும் கெட்டியாக இல்லாமல் மங்கலாகத் தெரியும் முடிச்சுகளுக்கு ஐந்து ஆண்டுக் கண்காணிப்பு தேவைப்படும். உங்கள் தந்தைக்கு அந்தக் கவலை இல்லை.

தம்பியின் அவசரம் பாசத்தால் வந்தது என்பது புரிகிறது. ஆனால் இந்த அளவு முடிச்சு உள்ள நூறு பேரையும் அறுவைக்கு அனுப்பினால், அவர்களுள் மிகப் பெரும்பாலோர் தீங்கற்ற தழும்புக்காக நெஞ்சைத் திறந்துகொண்டவர்களாக இருப்பார்கள். ஊசி வழியாகத் திசு எடுப்பதும் இவ்வளவு சிறிய முடிச்சில் குறி தவறக்கூடியது. ஊசி வழிப் பயாப்சி செய்துகொள்பவர்களுள் ஏறத்தாழ 15 முதல் 25 விழுக்காட்டினருக்கு நுரையீரலைச் சுற்றிக் காற்று கசிகிறது, அவர்களுள் சிலருக்குக் குழாய் வைத்து அதை வெளியேற்ற வேண்டிவரும். உயிர்ப்புடன் இயங்கும் திசுவை ஒளிரச் செய்து காட்டும் பெட் ஸ்கேனும் 8 மி.மீ.க்குக் கீழே நம்பத்தகுந்த விடை தராது. போதாததற்கு, உயிர்ப்புடன் உள்ள காசநோயும் அதில் புற்றுநோயைப் போலவே ஒளிரும். முடிச்சு 8 மி.மீ.க்கு மேல் வளர்ந்தால் இவை யாவும் உரிய கருவிகளாக மாறும்.

அந்த நிலை வந்தால் பெரியப்பாவின் அச்சம் குறுக்கே நிற்கக் கூடாது. நுரையீரலில் ஊசி சென்ற தடத்தில் புற்றுநோய் பரவுவது மிக மிக அரிது. ஊசி போட்ட சில மாதங்களில் இறந்தவர்களை அவர் பார்த்திருக்கலாம். மலேசியாவில் நுரையீரல் புற்றுநோயாளிகளுள் பெரும்பாலோர் மூன்றாம் அல்லது நான்காம் நிலையில்தான் மருத்துவமனைக்கு வருகிறார்கள் என்பதால், ஊசி தொடும் முன்பே நோய் பரவிவிட்டிருந்தது என்பதே பெரும்பாலும் உண்மை.

உங்கள் கடிதத்தில் அனைவரும் முடிச்சையே பேசி இருமலை மறந்துவிட்டீர்கள். நுரையீரலுக்குள் இருக்கும் 7 மி.மீ. முடிச்சு பொதுவாக இருமலை உண்டாக்காது. இரண்டு வாரத்துக்கு மேல் நீடிக்கும் இருமலுக்கு நம் நாட்டில் காசநோய்க்கான சளிப் பரிசோதனை செய்தாக வேண்டும். அரசாங்கக் கிளினிக்கிலேயே செய்யலாம், அதற்கு ஆறு மாதம் காத்திருக்கக் கூடாது, இந்த வாரமே அழைத்துச் செல்லுங்கள். சிகரெட்டை விடுவதற்கான ஆலோசனையும் மருந்தும் அரசாங்கக் கிளினிக்குகளில் கிடைக்கும். முடிச்சு எதுவாக இருந்தாலும், அவர் அதை விடுவதால் கிடைக்கும் பயன் நான் இங்கே எழுதிய வேறு எதையும்விடப் பெரியது.

ஸ்கேன் எடுத்த இடத்தில் அறிக்கைத் தாளோடு நின்றுவிடாமல், படங்கள் அடங்கிய குறுந்தட்டையும் கேட்டு வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். அளப்பவர் மாறினால் ஒரு மில்லிமீட்டர் மாறும்; பழைய படம் கையில் இருந்தால் ஒரே மருத்துவர் இரண்டையும் ஒரே முறையில் அளப்பார். முடிந்தால் அதே இடத்தில், மெல்லிய துண்டுகளாகப் படம் பிடிக்கும் குறைந்த கதிர்வீச்சு ஸ்கேனாக எடுக்கச் சொல்லுங்கள். சாய ஊசி தேவையில்லை. அத்தகைய ஸ்கேனின் கதிர்வீச்சு ஏறத்தாழ 1.5 மில்லிசீவர்ட், இயற்கையிலிருந்து நாம் ஓராண்டில் பெறும் உலகச் சராசரியான 2.4-ஐவிடக் குறைவு. தேதியை அப்பாவின் கைப்பேசியில் மட்டும் குறித்து வைக்காமல் உங்கள் கைப்பேசியிலும் குறியுங்கள். மருத்துவமனையில் கொடுத்த எண் மாறினால் உடனே தெரிவியுங்கள். சளியில் இரத்தம், காரணமில்லாமல் உடல் மெலிதல், குரல் கம்மிப் பல வாரம் சரியாகாமை ஆகியவற்றுள் ஏதேனும் ஒன்று தோன்றினால் தேதிக்குக் காத்திராமல் போய்விட வேண்டும்.

அம்மாவைப் பொறுத்தவரை, அவருக்கு இருமலோ வேறு தொந்தரவோ இல்லாத நிலையில் சி.டி. ஸ்கேனை நான் பரிந்துரைக்க மாட்டேன். கணவரின் புகையும் பழைய விறகடுப்புப் புகையும் ஆபத்தை ஓரளவு கூட்டுபவைதாம். புகைபிடிக்காத ஆசியப் பெண்களுக்கும் நுரையீரல் புற்றுநோய் வருவதுண்டு என்பதும் உண்மைதான். எனினும் அவருடைய பெற்றோருக்கோ உடன்பிறந்தோருக்கோ நுரையீரல் புற்றுநோய் இருந்ததில்லை என்றால், ஸ்கேனில் அவருக்கும் ஒரு தீங்கற்ற முடிச்சு தெரிந்து இன்னொரு இரண்டு ஆண்டுக் கவலை தொடங்குவதற்கே வாய்ப்பு அதிகம். அப்பாவின் சளியில் காசநோய்க் கிருமி இருப்பது உறுதியானால் மட்டும் அம்மா உட்பட வீட்டிலுள்ள அனைவரும் தொடர்பாளர் பரிசோதனைக்குச் செல்ல வேண்டும். அதைக் கிளினிக்கிலேயே ஏற்பாடு செய்துவிடுவார்கள்.