ராகேஷ் சர்மா விண்வெளிக்குப் போய் வந்தபிறகு என்ன வேலை பார்த்தார்? ஏன் மறுபடி போகவில்லை?

பழைய வேலைக்கே திரும்பினார். டெஸ்ட் பைலட் வேலை.

நான் விமானப்படையில் டெக்னீஷியனாக இருந்து ஓய்வுபெற்றவன். வெளியே பலருக்கும் தெரிந்தது 1984 ஏப்ரலில் அவர் சோவியத் யூனியனின் சல்யூட்-7 விண்வெளி நிலையத்தில் இருந்த அந்த ஒரு வாரம்தான். 3ஆம் தேதி சோயுஸ் டி-11 விண்கலத்தில் கிளம்பினார், 11ஆம் தேதி இறங்கிவிட்டார். ஆனால் மனிதர் 1970இலேயே படையில் சேர்ந்தவர். அடுத்த வருஷமே பாகிஸ்தானோடு போர். 22 வயதில் மிக்-21 போர் விமானத்தில் 21 தடவை களத்துக்குப் பறந்திருக்கிறார். விண்வெளிக்குத் தேர்வானது 1982இல்.

படையிலிருந்து விங் கமாண்டராக 1987இல் விலகி, விமானம் தயாரிக்கும் அரசு நிறுவனமான எச்.ஏ.எல்.லில் சேர்ந்தார். நாசிக் பக்கம் ஓஜரில் அவர்களுக்குத் தொழிற்சாலை. அப்போது மிக் விமானங்கள் அங்கே தயாராகின, முழுதாகப் பிரித்துச் சரிபார்க்கும் ஓவர்ஹாலுக்கும் வந்தன. பிரித்துப் பூட்டிய விமானத்தை அப்படியே ஸ்குவாட்ரனுக்கு, அதாவது படைப்பிரிவுக்கு, அனுப்ப மாட்டார்கள். முதலில் டெஸ்ட் பைலட் மேலே கொண்டுபோவார். இன்ஜின் சொன்னபடி கேட்கிறதா, ஒலியின் வேகத்தைத் தாண்டும்போது எங்காவது உதறுகிறதா, சக்கரம் ஒழுங்காக இறங்குகிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்த்து, இறங்கியதும் ஸ்னாக், அதாவது கண்ட கோளாறுகளை, எழுதிக் கொடுப்பார். நாங்கள் சரிசெய்வோம், மறுபடி பறப்பார். கைதட்ட யாரும் இருக்க மாட்டார்கள். ஆபத்து மட்டும் குறையாது. ஓஜர் அருகே மிக்-21 ஒன்று சோதனையின்போது விழுந்து, இவர் இஜெக்ட் செய்து, அதாவது சீட்டோடு வெளியே பாய்ந்துதான், உயிர் தப்பினார். அசோக சக்ரா வாங்கிய பிறகும் அதே சீட்டில் போய் உட்கார்ந்தார் பாருங்கள், எனக்கு விண்வெளிப் பயணத்தைவிட அதுதான் பெரிதாகத் தெரிகிறது. 1992இல் பெங்களூருக்கு மாறி, 2001 வரை பறந்தார். இப்போது குன்னூர்வாசி.

மறுபடி ஏன் போகவில்லை என்றால், போக நம்மிடம் வண்டி இல்லை. 1984இல் கிடைத்தது சோவியத் யூனியன் நட்பு நாடுகளுக்குக் கொடுத்து வந்த விருந்தாளி இடம். அதற்கு அடுத்து அமெரிக்க விண்வெளி ஓடமான ஷட்டிலில் ஓர் இந்தியரை அனுப்பும் ஏற்பாடு நடந்தது. அதற்குத் தேர்வானவர்கள் விமானிகள் அல்ல, இஸ்ரோ பொறியாளர்கள்: பி. ராதாகிருஷ்ணன், என்.சி. பட். 1986 ஜனவரியில் சேலஞ்சர் என்ற ஷட்டில் வெடித்துச் சிதறியதும் அதுவும் நின்றுபோனது. பிறகு 2018 வரை, நம் சொந்தக் கலத்தில் ஆளை அனுப்பும் ககன்யான் திட்டத்தின் அறிவிப்பு வரும்வரை, நம் பக்கம் ஆய்வுகள் நடந்தாலும் உறுதியான பயணத் திட்டம் எதுவும் இல்லை.

ககன்யானுக்கு 2024இல் அறிவித்த நான்கு பேரும் விமானப்படை டெஸ்ட் பைலட்கள்தான். அதில் அஜித் கிருஷ்ணன் சென்னையில் பிறந்தவர். புதுக் கலத்தில் முதலில் ஏறுகிறவருக்கு, ஏதாவது கோளாறு வந்தால் பதறாமல் என்ன நடந்தது என்று கவனித்துச் சொல்லத் தெரிய வேண்டும். அது டெஸ்ட் பைலட்டின் அன்றாடப் பிழைப்பு. வேறு எங்கே போய் ஆள் தேடுவார்கள்?

சர்மாவோடு ரவீஷ் மல்ஹோத்ராவும் முழுப் பயிற்சியையும் முடித்து, மாற்று வீரராகக் கீழேயே நின்றார். 2025 ஜூனில் சுபான்ஷு சுக்லா சர்வதேச விண்வெளி நிலையத்துக்குப் போனபோது அந்த இடத்தில் பிரசாந்த் நாயர் இருந்தார். அவருக்கு ககன்யானில் வாய்ப்பு மிச்சமிருக்கிறது. மல்ஹோத்ராவுக்கு அப்படி ஒன்று வரவே இல்லை.