போலிஸ் நிறுத்தினால்: எங்கே ஒத்துழைப்பது, எங்கே நிதானிப்பது

சிங்கப்பூர் ஈசூனில் வசிக்கும் டெலிவரி வேன் ஓட்டுநர் ஒருவர் கேட்டிருக்கிறார். இரவு வேலை முடிந்து வரும்போது சாலைத் தடுப்பில் நிறுத்தி, ஊதச் சொல்லி, வேனின் பின்கதவையும் திறந்து பார்த்திருக்கிறார்கள். அதில் பிரச்சினை இல்லை. ஆனால் சில நாள் முன்பு ஒரு மோட்டார் சைக்கிளோடு உரசிய விபத்து தொடர்பாக, வாக்குமூலம் கொடுக்க உபி அவென்யூ 3-இல் உள்ள போக்குவரத்துப் போலிஸ் தலைமையகத்துக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள். "வக்கீல் வராமல் வாயைத் திறக்காதே, அது உன் அரசியலமைப்பு உரிமை என்று நண்பர்கள் வீடியோ அனுப்புகிறார்கள். எனக்கு ஆங்கிலமும் அரைகுறைதான். என்ன செய்வது?"

முதலில் அந்த வீடியோவை ஒதுக்கி வையுங்கள். குற்றம் சாட்டப்பட்டவரைத் தனக்கெதிராகவே சாட்சி சொல்லக் கட்டாயப்படுத்தக் கூடாது என்று இந்திய அரசியலமைப்பின் 20(3) பிரிவு சொல்கிறது. அமெரிக்காவில் காரணமில்லாத சோதனையையும் அரசியலமைப்பே தடுக்கிறது. சிங்கப்பூர் அரசியலமைப்பில் இந்த இரண்டுக்கும் தனி வாசகம் கிடையாது. மௌனமாக இருப்பது இங்கே அரசியலமைப்பு உரிமை அல்ல என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் 1992-லேயே சொல்லிவிட்டது.

அதனால் சாலையோரத்தில் சட்டம் பேசி எந்தப் பயனும் இல்லை. அடையாள அட்டையும் உரிமமும் கேட்டால் காட்டுங்கள். சிங்பாஸ் என்ற அரசாங்க அடையாளச் செயலியில் இருக்கும் மின்னிலக்க உரிமமே போதும். குடித்திருப்பதாக நியாயமான சந்தேகம் இருந்தாலோ, ஓட்டும்போது போக்குவரத்துக் குற்றம் நடந்திருந்தாலோ, விபத்தில் சம்பந்தப்பட்டிருந்தாலோ ஊதச் சொல்ல அவர்களுக்கு அதிகாரம் உண்டு. வரம்பு, 100 மில்லிலிட்டர் மூச்சுக்கு 35 மைக்ரோகிராம் ஆல்கஹால். தக்க காரணமின்றி ஊத மறுப்பதே தனிக் குற்றம், அதற்காகவே கைது செய்யலாம். கைதுக்குப் பிறகு நடக்கும் முறையான சோதனையையும் மறுத்தால், குடித்துவிட்டு ஓட்டியவருக்கு என்ன தண்டனையோ அதேதான். முதல் முறையே 10,000 வெள்ளி வரை அபராதம், 12 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். ஒரு சொட்டுக்கூடக் குடிக்காதவர் வீம்புக்கு மறுத்து இதில் மாட்டுவதை நினைத்தால் மனசு பதறுகிறது.

பின்கதவு விஷயமும் அப்படித்தான். போதைப்பொருள், ஆயுதம், வரி கட்டாத சிகரெட் என்று சந்தேகம் வந்தால் வாரண்ட் இல்லாமல் வண்டியைச் சோதிக்கச் சட்டங்கள் இடம் கொடுக்கின்றன. வந்தவர் சீருடையில் இல்லையென்றால் அதிகார அட்டையைக் காட்டும்படி நீங்கள் தாராளமாகக் கேட்கலாம். அது மரியாதைக் குறைவு ஆகாது. அப்புறம், ஐம்பது வெள்ளி நோட்டை உரிமத்தோடு சேர்த்து நீட்டும் எண்ணமே வேண்டாம். லஞ்சம் கொடுக்க முயன்றாலே 100,000 வெள்ளி வரை அபராதம், ஐந்தாண்டு வரை சிறை.

இப்போது உபிக்கு வருவோம். உங்களுக்கு உண்மையில் பயன்படும் உரிமைகள் வாக்குமூலம் எழுதும் அந்த மேசையில்தான் இருக்கின்றன. பலர் அவசரத்தில் அவற்றை விட்டுவிடுகிறார்கள்.

குற்றவியல் நடைமுறைச் சட்டப்படி, விசாரணையில் கேட்பதற்கு நீங்கள் உண்மையைச் சொல்லக் கடமைப்பட்டவர். ஆனால் உங்கள் மீதே குற்றச்சாட்டைக் கொண்டுவரக்கூடிய எதையும் சொல்ல வேண்டிய கட்டாயம் இல்லை. இதை அதிகாரி உங்களுக்கு எடுத்துச் சொல்ல வேண்டும் என்ற விதியும் இல்லை, அதனால் நீங்களே தெரிந்துகொண்டு போங்கள். எழுதிய வாக்குமூலத்தை உங்களுக்குப் படித்துக் காட்ட வேண்டும். ஆங்கிலம் புரியாதவருக்குப் புரிகிற மொழியில் சொல்ல வேண்டும். திருத்தம் இருந்தால் செய்த பிறகுதான் கையெழுத்து.

எனவே போய் உட்கார்ந்ததும் முதல் பேச்சாக, "எனக்குத் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும்" என்று சொல்லுங்கள். கேட்கக் கூச்சப்பட்டு, "கொஞ்சம் கொஞ்சம் புரியும்" என்று தலையாட்டிவிடாதீர்கள். நீங்கள் "மோட்டார் சைக்கிள் திடீரென்று என் தடத்துக்குள் வந்தது" என்று சொன்னது, தாளில் "மோட்டார் சைக்கிளை நான் கவனிக்கவில்லை" என்று இருக்கலாம். இரண்டும் ஒன்றல்ல, கவனக்குறைவாக ஓட்டிய வழக்கே அந்த ஒரு வரியில் நிற்கும். தவறாக இருக்கும் வரியை அடிக்கச் சொல்லி, சரியானதை எழுதச் சொல்லி, பக்கத்தில் சுருக்கொப்பம் போடுங்கள். நேரமாகிறதே என்று பார்க்காதீர்கள்.

குற்றச்சாட்டைக் காட்டி எச்சரிக்கையோடு வாக்குமூலம் கேட்டால் நிலைமை வேறு. அப்போது சொல்லாமல் விட்ட முக்கியமான விவரத்தைப் பிறகு நீதிமன்றத்தில் சொன்னால் நீதிபதி நம்புவது கடினம் என்று அந்த எச்சரிக்கை அறிவிப்பிலேயே இருக்கும். உங்கள் தரப்பின் முக்கியமான விஷயத்தை அங்கேயே சொல்லிவிடுங்கள்.

வக்கீல்? சிங்கப்பூர் அரசியலமைப்பின் 9(3) பிரிவு கைதானவருக்குக் காரணத்தைத் தெரிவிக்க வேண்டும் என்றும், அவர் விரும்பும் வழக்கறிஞரைக் கலந்துபேச விட வேண்டும் என்றும் சொல்கிறது. ஆனால் உடனே அல்ல, நியாயமான கால அவகாசத்துக்குள் என்பதே இங்குள்ள நீதிமன்றங்களின் விளக்கம். மேல்முறையீட்டு நீதிமன்றம் 2014-இல் அதை மீண்டும் உறுதிசெய்தது. காவலில் வைத்தால் பயண நேரம் நீங்கலாக 48 மணி நேரத்துக்குள் நீதிபதி முன் நிறுத்த வேண்டும். நீங்கள் கைதாகவில்லை, அழைப்பின் பேரில் போகிறீர்கள். ஆகவே போவதற்கு முன்பே வழக்கறிஞரைப் பார்க்க உங்களுக்கு நேரம் இருக்கிறது. இலவசச் சட்ட உதவி தரும் புரோ போனோ எஸ்ஜி அமைப்பின் சமூக சட்ட ஆலோசனைக்கு முன்பதிவு செய்துகொள்ளுங்கள். வேனில் கேமரா இருந்தால் அன்றைய பதிவை இன்றைக்கே நகலெடுத்து வையுங்கள், பழைய பதிவின் மேல் புதியது ஏறிவிடும்.