கிளையை விடாத பம்மி

கேள்வி: என் மகனுக்கு 14 வயது. நூலகத்தில் எடுத்த புத்தகம் ஒன்றில், முருகைக்கல் (பவளப்பாறை) கிளைகளுக்குள் செருகிக்கொண்டிருந்த ஒரு வட்ட மீனின் படத்தைக் கண்டதிலிருந்து, அதைத்தான் வளர்ப்பேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான். படத்தின் கீழே ‘கராகாந்தஸ்’ என்று போட்டிருந்தது. மீன் கடைக்காரர் ஒருவர், முற்பணம் தந்தால் எடுப்பித்துத் தரலாம் என்கிறார். எங்களிடம் இருப்பது இரண்டரை அடி உப்புத் தண்ணீர்த் தொட்டி. அது விஷ மீனா? வாங்கலாமா?
- வாசகி, வெள்ளவத்தை

பதில்: வாங்காதீர்கள், தங்கச்சி. முற்பணம் கொடுத்திருந்தால் திருப்பிக் கேளுங்கள்.

ஆனால் மகனைக் கோபிக்க வேண்டாம். சிங்கமீனையும் கோமாளி மீனையும் கேட்கிற பிள்ளைகளைத்தான் நான் அதிகம் கண்டிருக்கிறேன். கிளைக்குள் ஒளிந்திருக்கிற இதைப் படத்தில் பிடித்தவன் ஊன்றிப் பார்க்கிற பிள்ளை.

இது தேள்மீன் குடும்பத்துச் சின்ன மீன். வளர்ந்தாலும் 5 சென்ரிமீற்றருக்குக் கிட்டத்தான். பக்கவாட்டில் பார்த்தால் சில்லறைக் காசு போல வட்டம், முன்னாலிருந்து பார்த்தால் தட்டை. செதில் கிடையாது. தோல் முழுக்கக் குட்டிக் குட்டி முளைகள், வெல்வெட் துணி போல. இந்த இனத்தில் நாலு வகை சொல்வார்கள். ஒன்றுக்கு வெளிறிய உடம்பில் சிவந்த புள்ளிகள். இன்னொன்று ஹவாயைத் தவிர வேறெங்கும் இல்லை. 1831ல் இங்கிலாந்தின் கிரே என்பவர் இரண்டு வகைகளுக்கு ‘மைக்ரோபஸ்’, அதாவது சிறு கால், என்று பெயர் வைத்தார். அந்தப் பெயர் ஏற்கெனவே ஒரு பறவைக்குப் போய்விட்டிருந்தது. பிறகு 1845ல் டென்மார்க்கின் குரோயர் என்பவர் வைத்த கராகாந்தஸ்தான் நிலைத்தது. தலைமுள் என்று பொருள். வெகுகாலம் இதைத் தனிக் குடும்பமாகவே வைத்திருந்தார்கள். மரபணுவைப் பார்த்த பிறகுதான் தேள்மீன்களோடு சேர்த்தார்கள். மகனுக்கு இதையும் சொல்லுங்கள், விரும்புவான்.

கறிக்கு ஆகாத, வலைக்கு அகப்படாத மீன் என்பதால் சந்தையில் இதற்குப் பெயர் தேவைப்படவில்லை. ஏற்றுமதிக்கு மீன் பொதி செய்யும் இடத்தில் நான் 22 வருஷம் வேலை செய்தேன். அங்கே நாங்கள் வைத்த பெயர் ‘பம்மி’. ஆள் நிழல் பட்டால் கிளையிடுக்கில் பம்மிக்கொள்ளும், அதனால்.

அந்தப் பெயர் வந்த நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. வெளியிலிருந்து வந்த பெட்டி ஒன்றில் ஒரு பை. பைக்குள் என் கையளவு முருகைக்கல் கொத்து, அதன் நடுவில் இந்த மீன். மீனை மட்டும் வேறு பைக்கு மாற்றச் சொன்னார்கள். கல்லைத் தண்ணீரிலிருந்து தூக்கிப் பிடித்தேன். வேறு எந்த மீனும் துள்ளி விழுந்திருக்கும். இது முள்ளை விரித்து, உடம்பை இன்னும் இறுக்கிக்கொண்டது. குறட்டால் ஒவ்வொரு கிளையாக முறித்து எடுத்தோம். கடைசிக் கிளை முறிந்த பிறகுதான் வந்தது. இரண்டு நாள் வெறும் தொட்டியின் மூலையில், வடிகட்டிக் குழாய்க்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு கிடந்தது. இறால்குஞ்சு போட்டோம், வாயைத் திறக்கவில்லை. மூன்றாம் நாள் காலையில் செத்திருந்தது. கல்லை உடைத்தது என் கை. இன்றைக்கும் அது மனதில் உறுத்துகிறது.

கடைக்காரர் இதைச் சொல்லமாட்டார். பம்மிக்கு முருகைக்கல் அலங்காரம் அல்ல, வீடு. கண்ட கல்லிலும் இருக்காது. பொசிலோபோரா, அக்ரோபோரா போன்ற நெருக்கக் கிளை விடும் உயிருள்ள கற்களில்தான் குடியிருக்கும். கிளைகளுக்கிடையில் வருகிற குட்டி இறாலும் நண்டும்தான் சாப்பாடு. கல்லை அது தின்னாது. அந்தக் கற்களோ நல்ல வெளிச்சமும் ஓட்டமும் சுத்தத் தண்ணீரும் கேட்பவை, கோடையின் வழமையான உச்ச வெப்பத்துக்கு மேல் ஒரு பாகை கூடிச் சில வாரம் நின்றாலே வெளிறிப்போகிறவை. கரண்ட் போய்ப்போய் வருகிற வீட்டில், இரண்டரை அடித் தொட்டியில், அதைக் காப்பாற்றுவது பெரிய பாடு. தவிர, இங்கே கடலில் உயிருள்ள முருகைக்கல்லை உடைத்து எடுப்பது சட்டப்படி குற்றம்.

1998க்கு முன் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ரயிலில் ஹிக்கடுவைக்குப் போய், கண்ணாடி அடிப் படகில் பார்த்திருக்கிறேன். கிளை கிளையாகக் காடு போல இருந்தது. அந்த வருஷம் கடல் சூடேறிக் கற்கள் வெளிறின. அடுத்த முறை போனபோது அதே இடத்தில் பாசி பிடித்த சல்லி. கிளை விடும் கற்கள்தான் முதலில் சாகும். அவை போனால், அதற்குள் வாழ்கிற எதற்கும் போக்கிடம் இல்லை.

மகனுக்குக் காட்ட ஆசை இருந்தால், ஒரு விடுமுறைக்குத் திருகோணமலைப் பக்கம் போங்கள். நிலாவெளிக்கு எதிரே புறாமலை, 2003இலிருந்து தேசியப் பூங்கா. 1998ல் அந்தப் பக்கத்துக் கற்கள் பெரிதாகப் பாதிக்கப்படவில்லை. ஒரு முகக்கண்ணாடியும் மூச்சுக்குழாயும் போதும். கல்லின் மேல் காலை வைக்க வேண்டாம். கிளையிடுக்குகளைப் பொறுமையாகப் பார்க்கட்டும். எந்த மீன் எந்தக் கிளையை விட்டு நகரவில்லை என்று ஒரு கொப்பியில் எழுதி வரட்டும். அதை எனக்கு அனுப்பினால் சந்தோஷமாக வாசிப்பேன்.

விஷத்தைக் கேட்டீர்கள். முதுகு முள்ளில் விஷம் உண்டு. குத்தினால் என்ன செய்வது என்பதற்கு அடுத்த கேள்வியின் பதிலே உங்களுக்கும் பொருந்தும்.

கேள்வி: ஓரா மீன் வெட்டும்போது முள் குத்திவிட்டது. கடுப்புத் தாங்கவில்லை. தேசிக்காய் பூசச் சொல்கிறார்கள், சரியா?
- வாசகர், கொட்டாஞ்சேனை

பதில்: தேசிக்காய் வேண்டாம், ஐயா. சுடுதண்ணீர். இந்த முள் விஷங்கள் புரதம், சூட்டில் கெடும். 45 பாகை செல்சியஸ் அளவு, பொறுக்கக்கூடிய சூடு, அரை மணித்தியாலம் முதல் ஒன்றரை மணித்தியாலம் வரை கையை அமிழ்த்தி வையுங்கள். சூட்டைக் குத்துப்பட்ட கையால் பார்க்காதீர்கள். கடுப்பில் சூடு தெரியாமல் வெந்துவிடும், மற்றக் கையால் பாருங்கள். எனக்குச் சிங்கமீன் குத்தியபோது 20 நிமிஷத்தில் கடுப்புப் பாதியானது. முள் முறிந்து உள்ளே நின்றாலோ, வீக்கம் ஏறினாலோ, மூச்சு முட்டினாலோ உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். ஏற்பு (டெட்டனஸ்) ஊசி எப்போது போட்டீர்கள் என்றும் அங்கே சொல்லுங்கள்.