காத்தி ஓவுட்டினென் படங்கள்: கேள்வி பதில்

கடைசி பெஞ்ச்: இந்த ஃபின்லாந்து நடிகையை எந்தப் படத்திலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்?

'தி மேன் வித்தவுட் எ பாஸ்ட்' (2002). அடிபட்டு நினைவிழந்த ஒருவன் ஹெல்சிங்கியில் ஒரு கண்டெய்னரில் குடியேறுகிறான். அவனோடு பழகும் சால்வேஷன் ஆர்மி ஊழியர் இர்மாதான் இவர். கான் விழாவில் சிறந்த நடிகை விருது இந்த வேடத்துக்குத்தான். ஆனால் ஒன்று, 'மேட்ச் ஃபேக்டரி கேர்ள்' (1990) படத்தை முதலில் பார்த்துவிடாதீர்கள். பார்த்தவர்களுக்கு அப்புறம் அந்த ஒரு முகம்தான் மனதில் நிற்கிறது.

மழைக்காலம்: 'ஃபாலன் லீவ்ஸ்' படத்திலும் பிரமாதம், இல்லையா?

அது அல்மா பெய்ஸ்தி. இந்தப் படங்களுக்கெல்லாம் இயக்குநர்தான் ஒருவர், அகி கௌரிஸ்மாகி.

ரீல் பெட்டி: 'மேட்ச் ஃபேக்டரி கேர்ள்' பார்த்தேன். முகத்தில் சலனமே இல்லை. சொன்ன இடத்தில் நிற்பதற்கு யார் வேண்டுமானாலும் போதுமே?

சொன்னேன் பாருங்கள், அதை முதலில் பார்த்தால் இப்படித்தான் ஆகும்.

இவர் ஹெல்சிங்கியில் நாடகம் படித்த காலத்தில் அங்கே கொடி கட்டிப் பறந்தவர் நாடக இயக்குநர் யோக்கோ துர்க்கா. வியர்க்க விறுவிறுக்க, உடம்பைப் பிழிந்து நடிக்க வைப்பது அவர் வழி. அந்தப் பட்டறையிலிருந்து வந்தவர் அசையாமல் நிற்கிறார் என்றால், வேறு வழி தெரியாமல் நிற்கவில்லை. பிற்பாடு அதே ஊர் நாடக அகாடமியில் நடிப்புப் பேராசிரியராகவும் இருந்தார்.

அந்தப் படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். இவர் நடிக்கும் ஐரிஸ் சம்பளப் பணத்தில் ஓர் உடை வாங்குகிறாள். வளர்ப்புத் தந்தை அறைகிறார், அம்மா திருப்பிக் கொடுக்கச் சொல்கிறாள். இங்கே ஒரு துளி கண்ணீர் விட்டிருந்தால் நமக்குப் பரிதாபம் வந்திருக்கும், அதோடு சரி. அவர் விடவில்லை. அதனால்தான் எலி மருந்து வாங்கக் கடைக்குப் போகும்போது, இவள் எப்போது முடிவெடுத்தாள் என்று நாம் முந்தைய காட்சிகளில் தேட வேண்டியிருக்கிறது.

டீ கிளாஸ்: ரீல் பெட்டி சொல்வதிலும் நியாயம் உண்டு. கௌரிஸ்மாகி படத்தில் எல்லோருமே அப்படித்தானே நிற்கிறார்கள்?

பாணி அவருடையது, மறுக்கவில்லை. ஆனால் 'ஷேடோஸ் இன் பாரடைஸ்' (1986) படத்தில் குப்பை வண்டி ஓட்டும் மத்தி பெல்லொன்பாவையும், சூப்பர் மார்க்கெட் காசாளராக வரும் இவரையும் அருகருகே பாருங்கள். அவர் மௌனத்தில் கூச்சம் இருக்கிறது, இவருடையதில் எச்சரிக்கை.

ரீல் பெட்டி: இதெல்லாம் ரசிகர் கண்ணுக்குத் தெரிவது.

சரி, 'யூஹா' (1999) பாருங்கள். யூஹானி ஆஹோவின் 1911 நாவல், கறுப்பு வெள்ளையில், வசனமில்லாத படமாக. கிராமத்து மனைவி மர்யாவாக வருகிறார். பாதி படம் வரை சிரிப்பும் குதூகலமுமாக இருக்கிற பெண், பட்டணத்துக்காரனை நம்பிப் போய்ச் சீரழிகிறாள். அதே இயக்குநர், அதே நடிகை. சலனமில்லாத முகம் எங்கே போயிற்று?

புது வரவு: எந்தப் படத்திலிருந்து ஆரம்பிக்கலாம்?

முதல் பதில்.

ஊர்க்குருவி: கௌரிஸ்மாகிக்கு முன்னால் என்ன செய்தார்?

1980இல் தபியோ சூமினென் எடுத்த இளைஞர் படத்தில் லிஸ்ஸு என்ற முரட்டுப் பெண். கிடைத்தால் விடாதீர்கள்.

நிழற்படம்: 'டிரிஃப்டிங் கிளவுட்ஸ்' (1996) படத்தில் இவர் வேடம் முதலில் ஓர் ஆணுக்காக எழுதப்பட்டதாமே?

ஆமாம், பெல்லொன்பாவுக்காக. அவர் 1995இல் இறந்துவிட்டார். உணவகத்தில் தலைமைப் பரிசாரகர் வேடத்தை மாற்றி எழுதி இவருக்குக் கொடுத்தார்கள், இலோனா ஆனாள். இலோனா பார்த்துக்கொண்டு நிற்கிற, இறந்துபோன குழந்தையின் புகைப்படம் பெல்லொன்பாவின் சிறு வயதுப் படம். ரீல் பெட்டி, அந்தக் காட்சியில் யார் வேண்டுமானாலும் நிற்கலாம் என்கிறீர்களா?

ரீல் பெட்டி: 'யூஹா' பார்த்துவிட்டு வருகிறேன்.

வாருங்கள்.

மழைக்காலம் 2: 'ஃபாலன் லீவ்ஸ்' கதாநாயகி பற்றி...

அல்மா பெய்ஸ்தி! வேறு ஆள்!

அலைகடல்: 'லெ ஆவ்ர்' (2011) படத்தில் பிரெஞ்சு பேசுகிறாரே, சொந்தக் குரலா?

சொந்தக் குரல்தான். ஷூ பாலிஷ் போடுபவரின் மனைவி ஆர்லெட்டி. தன் நோயைக் கணவனிடம் மறைக்கிறாள். முடிவைப் பற்றி இங்கே யாரும் எழுத வேண்டாம், பார்க்காதவர்கள் இருக்கிறார்கள்.