காஸ்பியன் மட்டி: வந்த கேள்விகளும் என் பதில்களும்

சென்ற மாதம் டிடாக்னா என்ற காஸ்பியன் மட்டியைப் பற்றிப் பேசினேன். அது அழிந்துவருகிறது, வெளியிலிருந்து வந்த மட்டிகள் அதன் இடத்தைப் பிடிக்கின்றன, அவற்றில் ஆப்ரா என்பதை மனிதர்களே கொண்டுவந்து விட்டார்கள் என்று சொன்னேன். நேரம் போதவில்லை, மிச்சக் கேள்விகளை எழுதி அனுப்பச் சொல்லியிருந்தேன். நாற்பதுக்கு மேல் வந்துவிட்டன. நான் மண்ணியல் படித்தவன். கசகஸ்தானின் அக்தாவ் ஊரில் ஆறு ஆண்டுகள், தரையைத் துளைத்து எடுத்த மண் மாதிரிகளில் இருக்கும் ஓடுகளைப் பார்த்து அடுக்குகளைப் பிரிப்பதுதான் என் வேலை. அதற்குள் அடங்கும் கேள்விகளுக்குத்தான் பதில் சொல்கிறேன்.

டிடாக்னா என்ற பெயருக்கு என்ன பொருள்? (செல்வி, ஈரோடு)

நல்ல இடத்தில் தொடங்கியிருக்கிறீர்கள். மட்டியின் இரண்டு ஓடுகளும் சேரும் கீல் பகுதியை உள்பக்கமாகத் திருப்பிப் பாருங்கள். ஓடுகள் வழுக்காமல் பிடித்துக்கொள்ள அங்கே சின்னச் சின்னப் பற்கள் இருக்கும். காஸ்பியனில் நெருங்கிய உறவுள்ள மூன்று பேரினங்கள் உண்டு. கீலின் நடுவில் பல்லே இல்லாதது அடாக்னா, ஒரு பல் உள்ளது மோனோடாக்னா, இரண்டு பல் உள்ளது டிடாக்னா. ஐக்வால்ட் என்ற இயற்கையியலர் 1838இல் இப்படிப் பெயர் வைத்தார். 'டாக்னா' என்ற பகுதி கிரேக்கத்தில் 'கடித்தல்' என்ற சொல்லிலிருந்து வருவது. பெயரே பாடம் சொல்லிக்கொடுக்கும் இடங்களில் இது ஒன்று. முக்கோண வடிவத்தில், பின்பக்கம் கூரான வரம்போடு இருக்கும் டிடாக்னா ட்ரைகோனாய்டஸ் இனத்தை 1771இலேயே பல்லாஸ் விவரித்துவிட்டார்.

காஸ்பியன் கடலா, ஏரியா? (ஒன்பது பேர்)

ஐந்து கரை நாடுகளும் 2018 ஆகஸ்டில் அக்தாவில் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு அதற்குத் தனிச் சட்ட நிலை கொடுக்க ஒப்புக்கொண்டிருக்கின்றன. மட்டிக்கு அந்த வேறுபாடு தெரியாது. இந்தக் கேள்வியை இத்துடன் விடுகிறேன்.

பழவேற்காட்டில் நாங்கள் எடுக்கும் மட்டியும் இதுவும் ஒன்றா? மலேசியாவில் சாப்பிடும் கெராங்? (இருவர்)

மூன்றும் மூன்று குடும்பங்கள். டிடாக்னாதான் கார்டிடே என்ற உண்மையான காக்கிள் மட்டிகளின் குடும்பத்தைச் சேர்ந்தது.

கடல் உயிர் உள்நாட்டு நீரில் எப்படி வந்தது? உப்புக் குறைந்த நீரில் எப்படி வாழ்கிறது? (ராகவன், கோவை)

இதற்கு நீளமாகத்தான் சொல்ல வேண்டும்.

ஆல்ப்ஸ் மலைப்பக்கமிருந்து நடு ஆசியா வரை ஒரு காலத்தில் பாராடெதிஸ் என்ற கடல் கிடந்தது. மலைகள் எழும்ப எழும்ப அது பெருங்கடலிலிருந்து அறுந்துபோய், உப்புக் குறைந்த பெரிய நீர்நிலைகளாகச் சிதறியது. அதில் மாட்டிக்கொண்ட மட்டிகளின் வாரிசுகள் லட்சக்கணக்கான ஆண்டுகளில் புதுப்புது இனங்களாகக் கிளைத்தன. இன்றைய காஸ்பியனில் லிட்டருக்கு 12–13 கிராம் உப்பு. பெருங்கடலில் 35. அளவு மட்டும் வேறு என்று நினைக்காதீர்கள், உப்பின் கலவையே வேறு. சல்பேட்டும் கால்சியமும் விகிதத்தில் கூடுதல்.

வடக்கே வோல்கா நதி வந்து கலக்கிறது. கடலுக்கு வரும் ஆற்று நீரில் சுமார் 80 சதவீதம் அந்த ஒரே நதியுடையது. அதனால் வடக்கு முனை கிட்டத்தட்ட நன்னீர். அடாக்னாவும் மோனோடாக்னாவும் அந்தப் பக்கம் போய் வாழும். டிடாக்னா போகாது, அதற்குக் கொஞ்சம் உப்பு வேண்டும். பெருங்கடலின் முழு உப்பும் அதற்கு ஆகாது. கருங்கடல் பகுதியிலும் டிடாக்னாவின் புதைபடிவங்கள் கிடைக்கின்றன. மத்தியதரைக் கடலின் உப்புநீர் உள்ளே புகுந்த காலங்களில் அங்கே அது நிலைக்கவில்லை. இன்று உயிரோடு இருப்பது காஸ்பியனில் மட்டும்தான்.

அதனால்தான் எங்கள் தொழிலில் அதற்கு அவ்வளவு மதிப்பு. பாகூ, கசார், க்வாலின் என்று காஸ்பியனின் அடுக்குகளுக்குப் பெயர்கள் உண்டு. ஒவ்வொன்றிலும் எந்த டிடாக்னா இனங்கள் இருக்கின்றன என்பதை வைத்துத்தான் பிரிப்போம். க்வாலின் காலத்தில் கடல் உலகக் கடல்மட்டத்துக்கு மேலே 45–50 மீட்டர் வரை ஏறி, மானிச் பள்ளத்தாக்கு வழியாகக் கருங்கடலுக்குள் வழிந்தது. இன்றைக்குக் காஸ்பியன் உலகக் கடல்மட்டத்துக்குச் சுமார் 29 மீட்டர் கீழே. கரையிலிருந்து நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் உள்ளே, வோல்கா ஓரப் புல்வெளி மண்ணில் டிடாக்னா ஓட்டை எடுத்துக் கையில் வைத்தால், கடல் அங்கே நின்றிருந்தது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

படம் அனுப்பியிருக்கிறேன், இது டிடாக்னாதானே? (ஏழு பேர்)

வெளிப்பக்கப் படத்தை வைத்துச் சொல்ல மாட்டேன். உள்பக்கக் கீலைப் படமெடுங்கள், எடுத்த இடத்தையும் எழுதுங்கள். இரண்டு ஓரங்களிலும் உறுதியான பக்கப் பற்கள் இருந்தால் அது செராஸ்டோடெர்மா, பின்னால் வந்து சேர்ந்த மட்டி. டிடாக்னாவில் பக்கப் பற்கள் தேய்ந்தோ இல்லாமலோ இருக்கும், விலா வரிகளும் தட்டையாக இருக்கும்.

பாகூ போயிருந்தேன். கரை முழுக்க ஓடுகள். இதையா அழிகிறது என்கிறீர்கள்? (ஜெயந்தி, சென்னை)

அம்மா, நான் திரும்பத் திரும்பச் சொல்வது இதுதான். கரையில் கிடக்கும் ஓடு, இனம் உயிரோடு இருப்பதற்குச் சான்று ஆகாது. ஒரு பிடி மணலில் போன வருடம் செத்ததும் பல ஆயிரம் ஆண்டுக்கு முந்தையதும் கலந்தே கிடக்கும். பழைய அடுக்குகளை அலை அரித்து ஓடுகளைக் கரைக்குக் கொண்டுவருகிறது. ஆழம் குறைந்த பகுதிகளில் இப்போது சல்லடை போட்டு அலசினால் உயிரோடு வருபவை பெரும்பாலும் செராஸ்டோடெர்மா, ஆப்ரா, மைட்டிலாஸ்டர் என்ற மட்டிகள். மூன்றும் வெளியிலிருந்து வந்தவை. டிடாக்னா ஓடு நூறு வரும், உயிருள்ளது ஒன்றும் வராது. அந்த ஓட்டுக் குவியல்தான் இழப்பை நம் கண்ணிலிருந்து மறைக்கிறது.

ஆப்ராவை மனிதர்களே கொண்டுவந்தார்கள் என்றீர்களே. ஸ்டர்ஜன் மீனுக்கு உணவு போட்டதில் என்ன தவறு? நாங்கள் வன்னாமி இறால் வளர்க்கிறோம், அதுவும் வெளிநாட்டு இனம்தான். யாருக்கும் பயன்படாத மட்டிக்காகக் கேவியர் தரும் மீனைப் பட்டினி போடச் சொல்கிறீர்களா? (குமார், மரக்காணம்)

குமார் இதையே மூன்று கடிதங்களில் எழுதியிருக்கிறார். அவர் பக்கம் நான்கு பேர், எதிராக ஆறு பேர் சேர்ந்துகொண்டார்கள். அதனால் நடந்ததை முதலில் சொல்கிறேன்.

மைட்டிலாஸ்டரை யாரும் திட்டமிட்டுக் கொண்டுவரவில்லை. கருங்கடலிலிருந்து ரயிலில் ஏற்றிவந்த படகுகளின் அடியில் ஒட்டிக்கொண்டு 1920 வாக்கில் வந்ததாகக் கருதப்படுகிறது. ஆப்ராவின் கதை வேறு. சோவியத் அறிஞர் சென்கேவிச்சும் அவருடைய கூட்டாளிகளும் ஸ்டர்ஜனுக்கு உணவு பெருக்கலாம் என்று யோசனை சொல்ல, 1939 முதல் அசோவ் கடலிலிருந்து நெரீஸ் என்ற கடற்புழுவையும், பிறகு ஆப்ராவையும் கொண்டுவந்து விட்டார்கள். இரண்டும் பெருகின. நெரீஸை ஸ்டர்ஜன் விரும்பித் தின்றது. இதை நான் மறுக்கவில்லை. தாய் இறாலுக்குக் கடற்புழு கொடுக்கும் குமாருக்கு அதன் சத்தைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் தம்பி, வன்னாமி உங்கள் குளத்துக்குள் இருக்கிறது. அறுவடை செய்கிறீர்கள், குளத்தைக் காயவிடுகிறீர்கள். மூன்று லட்சத்து எழுபதாயிரம் சதுர கிலோமீட்டர் கடலை யார் காயவிட முடியும்? விட்ட பிறகு திரும்ப எடுக்க வழியே இல்லை. அடுத்தது, 'பயன்படாத மட்டி' என்பது. ஸ்டர்ஜன் காலங்காலமாக அந்த உள்ளூர் மட்டிகளையும் தின்றுதான் வளர்ந்தது. காஸ்பியனின் ஓட்டுடலிகள் அதன் பழைய சாப்பாடு.

இன்னொன்றையும் யோசியுங்கள். இவ்வளவு உணவு சேர்த்தும் ஸ்டர்ஜன் பெருகியதா? வோல்காவில் அணைகள் கட்டி முட்டையிடப் போகும் வழியை அடைத்தார்கள். சோவியத் ஒன்றியம் சிதறியபின் கள்ளப்பிடிப்பு மிச்சத்தையும் வாரிப்போனது. இன்று காஸ்பியன் ஸ்டர்ஜன் இனங்கள் அழிவின் விளிம்பில் இருக்கின்றன. பசி அதன் முதல் பிரச்சினையாக இருக்கவில்லை. நோய் ஒன்று, மருந்து வேறு.

எதிர்த்தரப்பில் எழுதிய ஒருவர் சென்கேவிச்சைக் குற்றவாளி என்கிறார். அதையும் ஏற்க மாட்டேன். அந்தக் காலத்தில் உலகம் முழுக்க இப்படித்தான் யோசித்தார்கள். அவர் தெரிந்து கெடுத்தவர் இல்லை.

வேறு என்னென்ன வந்தன? (பலர்)

1952இல் வோல்கா–டான் கால்வாய் திறந்தபின் கப்பல்களோடு வந்தவை ஏராளம். 1990களின் இறுதியில் வந்த சீப்பு ஜெல்லியான நெமியோப்சிஸ், சிறுமீன்களின் உணவான மிதவை உயிர்களை வாரித் தின்றது. அது தனிக் கதை, மீன்வளம் படித்தவர்களிடம் கேளுங்கள்.

மீன்தொட்டியில் வளர்க்கலாமா? கடல் உப்பைப் பாதியாகக் கரைத்தால் போதுமா?

வேண்டாம். உப்பின் கலவையே வேறு என்று மேலே சொல்லிவிட்டேன். அதைவிட, உயிரோடு எடுத்துவருவதே தவறு.

முத்து வருமா? சாப்பிடலாமா? விலை என்ன?

முத்துக்காக யாரும் எடுப்பதில்லை. அக்தாவ் சந்தையில் மட்டி விற்று நான் பார்த்ததில்லை. மற்றது என் துறை இல்லை.

கடல் வற்றுகிறதாமே? மட்டி என்ன ஆகும்? (முத்துலட்சுமி, திருநெல்வேலி)

காஸ்பியனின் மட்டம் எப்போதும் ஏறி இறங்குவதுதான். 1930களிலிருந்து 1977 வரை சுமார் 3 மீட்டர் இறங்கியது, 1995 வரை ஏறக்குறைய 2.5 மீட்டர் ஏறியது, அதன்பின் மறுபடி இறங்குகிறது. இப்போதைய இறக்கத்துக்கு முக்கியக் காரணம் வெப்பம் கூடி நீர் ஆவியாவது. இந்த நூற்றாண்டின் முடிவுக்குள் 9 முதல் 18 மீட்டர் வரை குறையலாம் என்று கணித்திருக்கிறார்கள். வடக்குக் காஸ்பியனின் சராசரி ஆழமே 5 மீட்டர்தான். அப்படியானால் அந்தப் பகுதி பெரும்பாலும் தரையாகிவிடும்.

டிடாக்னா இதற்கு முன்பும் பெரிய ஏற்ற இறக்கங்களைத் தாண்டியிருக்கிறது. கடல் சுருங்கினால் கூடவே நகர்ந்தது, விரிந்தால் பரவியது. அப்போது போய்ச் சேரும் இடத்தில் போட்டிக்கு ஆப்ராவும் மைட்டிலாஸ்டரும் இல்லை. ஆழமான பகுதிகளில் வாழும் சில டிடாக்னா இனங்கள்மீது எனக்கு நம்பிக்கை இருக்கிறது. கரையோர இனங்களை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது.

மறுபடியும் படம்: கரையில் எடுத்த ஓடு, உயிருள்ள இனமா? (மூவர்)

இல்லை. மேலே ஜெயந்திக்குச் சொன்னதைப் படியுங்கள்.

ஜூனில் அக்தாவ் போகிறேன். என்ன பார்க்கலாம்? (அன்வர், துபாய்)

வீடுகளின் சுவர்களைப் பாருங்கள். அந்தப் பக்கத்துச் சிப்பிக்கல்லில் கட்டியவை, கிட்டப் போனால் ஓடுகள் தெரியும். அவை டிடாக்னா காலத்துக்கும் வெகு முந்தையவை. கரைக்குப் போனால் சின்னச் சல்லடை ஒன்று எடுத்துப்போய் முழங்கால் ஆழ நீரில் மணலை அலசுங்கள். ஓடு இரண்டும் இறுக மூடியிருந்து, உள்ளே சதை இருந்தால் அதுதான் கணக்கு. எண்ணி, படமெடுத்து, எடுத்த இடத்திலேயே திரும்ப விடுங்கள். எத்தனை கிடைத்தது என்று எனக்கு எழுதுங்கள். ஒன்றும் கிடைக்கவில்லை என்றாலும் எழுதுங்கள்.