கேஸ் தீராது, ஃப்ரீசரின் பக்கச் சுவரைத் தொட்டுப் பாருங்கள்

பர்கூரில் பழச்சாறு, ஐஸ்கிரீம் கடை நடத்தும் வாசகி ஒருவர் கேட்கிறார்: "என் கடையில் 300 லிட்டர் டீப் ஃப்ரீசர் இருக்கிறது. வாங்கி நான்கு வருடம் ஆகிறது. இரண்டு கோடையாக மாம்பழ சீசனில் கூலிங் வருவதில்லை. மெக்கானிக் வந்து 'கேஸ் தீர்ந்துபோச்சு' என்று வெளிர்நீல சிலிண்டரிலிருந்து அடைத்துவிட்டு, ஒவ்வொரு முறையும் 2,800 ரூபாய் வாங்கினார். இந்த வருடம் பக்கச் சுவர் இரண்டும் கை வைக்க முடியாத சூடு. 'கம்ப்ரசர் போகப்போகுது, எக்ஸ்சேஞ்சில் போட்டுட்டு வேற வாங்கிடுங்க, நானே ஆள் பார்த்துத் தர்றேன்' என்கிறார். புதிது வாங்கத்தான் வேண்டுமா? ஓசூரில் லாட்ஜ் நடத்தும் என் தம்பியிடம், குளிக்கத் தண்ணீர் சூடாக்கும் ஹீட் பம்ப் விற்க வந்தவர், ஒரு யூனிட் கரண்டுக்கு மூன்று யூனிட் சூடு கிடைக்கும் என்றாராம். அதுவும் இப்படித்தானா?"

ஃப்ரீசரின் பின்பக்க ஸ்டிக்கரையும் படமெடுத்து அனுப்பியிருக்கிறார். அதில் கேஸின் பெயர் ஆர் 600ஏ, எடை 72 கிராம் என்று இருக்கிறது. இந்தப் படத்தை அனுப்பியது நல்ல காரியம். பாதி விடை அதில்தான் இருக்கிறது.

இப்போதைக்கு எதுவும் வாங்க வேண்டாம் அம்மா. உங்கள் ஃப்ரீசரில் கேஸ் தீர்ந்திருக்க வாய்ப்பே குறைவு. சமையல் கேஸ் எரிவதால் தீர்கிறது. ஃப்ரீசருக்குள் இருப்பது எரிவதுமில்லை, செலவாவதுமில்லை. மூடிய குழாய்க்குள் அதே 72 கிராம்தான் கம்பெனியிலிருந்து வந்த நாள் முதல் சுற்றிக்கொண்டிருக்கிறது. குறைந்திருந்தால் எங்கோ ஓட்டை விழுந்திருக்க வேண்டும். அந்த ஓட்டையைக் காட்டாமல் கேஸ் அடைக்கிறேன் என்று யார் வந்தாலும் வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

அந்த கேஸ் உள்ளே என்ன செய்கிறது என்று கொஞ்சம் தெரிந்துகொண்டால், இனி உங்களை யாரும் எளிதில் ஏமாற்ற முடியாது. உட்சுவரை ஒட்டிய குழாயில் அது கொதிக்கிறது. கொதிப்பது என்றாலே சூடு என்று நினைக்க வேண்டாம். ஆர் 600ஏ சாதாரணக் காற்றழுத்தத்தில் மைனஸ் 12 டிகிரியிலேயே கொதித்துவிடும். அழுத்தத்தை இன்னும் குறைத்தால் மைனஸ் 25-லும் கொதிக்கும். ஆவியாவதற்கு வேண்டிய வெப்பத்தை உங்கள் ஐஸ்கிரீமிலிருந்து இழுத்துக்கொள்கிறது. அந்த ஆவியைக் கம்ப்ரசர் உறிஞ்சி அமுக்குகிறது. அமுங்கிய ஆவி கடைக்காற்றைவிடச் சூடாகிவிடுவதால், பக்கச் சுவருக்குள் ஓடும் குழாயில் வெப்பத்தைக் காற்றுக்குக் கொடுத்துவிட்டுத் திரவமாகிறது. பிறகு கேப்பிலரி என்னும் மிக மெல்லிய குழாய் வழியாக அழுத்தம் குறைந்து மறுபடி உள்ளே போகிறது. இவ்வளவுதான் மொத்த மெஷினும்.

வெப்பம் தானாகப் போவதென்றால் சூடான இடத்திலிருந்து குளிர்ந்த இடத்துக்குத்தான் போகும். எதிர்ப்பக்கம் அனுப்ப வேண்டுமானால் வேலை செய்தாக வேண்டும், கரண்ட் செலவாகியே தீரும். ஆயிரம் அடிக்குப் போர்வெல் போடுகிற மாவட்டத்தில் இதைப் புரிந்துகொள்வது சிரமமில்லை. மோட்டார் தண்ணீரை உண்டாக்குவதில்லை, மேலே ஏற்றுகிறது. தொட்டியை இன்னொரு மாடி உயர்த்தினால் அதே தண்ணீருக்குக் கூடுதல் கரண்ட் ஆகும். கம்ப்ரசர் ஏற்றுவது வெப்பத்தை. உள்ளே மைனஸ் 25, பக்கச் சுவரில் 45 என்றால் ஏற்ற வேண்டியது 70 டிகிரி. பக்கச் சுவர் 60-க்குப் போனால் அது 85 டிகிரி ஆகிவிடும். சாடி கார்னோ என்ற பிரெஞ்சுக்காரர் 1824-ல் தொடங்கிவைத்த கணக்கின்படி பார்த்தால், குறையே இல்லாத மெஷினுக்குக்கூட இந்த 15 டிகிரிக்காக ஐந்தில் ஒரு பங்கு கரண்ட் கூடுதலாக வேண்டும். உங்கள் கடையில் நிற்கிற மெஷின் அதைவிட அதிகமாக இழுக்கும், கூலிங்கும் குறையும்.

ஆகவே பக்கச் சுவர் சூடாவது நோயில்லை. உள்ளே பொருளிலிருந்து எடுத்த வெப்பமும், கம்ப்ரசர் இழுத்த கரண்டும் சேர்ந்து பெரும்பாலும் அந்த வழியாகத்தான் வெளியே வந்தாக வேண்டும். கேஸ் நிஜமாகவே போயிருந்தால், கம்ப்ரசர் ஓடிக்கொண்டே இருக்கும், சுவர் மட்டும் சூடேறாது. உள்ளே ஆவியாக ஒன்றுமில்லை என்றால் வெளியே விடவும் ஒன்றுமிருக்காது. சுவர் கை வைக்க முடியாத சூட்டில் இருந்தும் கூலிங் போதவில்லை என்றால், வெப்பம் வெளியேற வழியில்லாமல் அடைந்து கிடக்கிறது, அல்லது உள்ளே இருக்க வேண்டாத கேஸ் இருக்கிறது. உங்கள் விஷயத்தில் இரண்டுமே நடந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

முதலில் வெப்பத்தைப் பார்ப்போம். ஏன் மாம்பழ சீசனில் மட்டும் இந்தத் தொல்லை? சீசனில் கூழ் எடுத்துப் பாக்கெட் போட்டு ஒரே நாளில் ஃப்ரீசரில் அடுக்குவீர்கள், கடைக்காரர்கள் எல்லாரும் செய்வதுதான். ஒரு கிலோ தண்ணீரை 30 டிகிரியிலிருந்து 0 டிகிரிக்குக் கொண்டுவர ஏறத்தாழ 125 கிலோஜூல் வெப்பத்தை எடுக்க வேண்டும். 0 டிகிரித் தண்ணீரை 0 டிகிரிப் பனிக்கட்டியாக்க மட்டும் இன்னும் 334 கிலோஜூல். கூழில் பெரும்பகுதி தண்ணீர்தான். சிறிய கடை ஃப்ரீசர்கள் ஏற்கெனவே உறைந்து வந்ததை உறைந்தபடி வைத்திருக்கச் செய்யப்பட்டவை. அதில் 30 கிலோ பச்சைக் கூழைக் கொட்டினால் மெஷின் இரவும் பகலும் நிற்காமல் ஓடும். வெளியே 38 டிகிரி, மேலே தகரக் கூரை, இரவில் ஷட்டரையும் இழுத்து மூடிவிடுவீர்கள். தான் வெளியே விட்ட சூட்டுக்குள்ளேயே மெஷின் விடியவிடிய வேகும். இதற்குமேல் பர்கூர்ப் பக்கத்து கிரானைட் தூசி. கம்ப்ரசர் அறைக்குள் கம்பிவலை போன்ற பகுதியோ சின்ன ஃபேனோ இருந்தால், அதில் அந்த வெள்ளைத் தூசி எண்ணெய்ப்பசையோடு சேர்ந்து அப்பிக்கொள்ளும். பக்கச் சுவரை ஒட்டிக் குளிர்பானக் கிரேட்டுகளை அடுக்கியிருந்தால் சொல்லவே வேண்டாம்.

எனவே மூன்று பக்கமும் ஒரு சாணாவது இடம் விடுங்கள். ஷட்டருக்கு மேலே காற்று போகிற ஜாலி வையுங்கள். சுவிட்சை அணைத்துவிட்டு, உலர்ந்த பிரஷ்ஷால் தூசியைத் தட்டுங்கள். கூழைத் தட்டையான பாக்கெட்டாகப் போட்டு, முதலில் ஃப்ரிட்ஜில் குளிரவைத்து, பிறகு நாளுக்குக் கொஞ்சமாக ஃப்ரீசருக்கு மாற்றுங்கள். மூடியின் ரப்பர் வாயில் ஒரு ரூபாய் நோட்டு வைத்து மூடி இழுத்தால் எளிதில் வரக்கூடாது. கோடையில் வோல்டேஜ் குறைந்தால் நல்ல ஸ்டெபிலைசர் போடுங்கள்.

கேஸ் அடைத்த பிறகு சரியானதே என்பீர்கள். அடைப்பதற்காக மெஷினை நிறுத்தினார்கள், சரக்கைக் காலி செய்தார்கள், பனிக்கட்டி கரைந்தது, சீசனும் முடிந்து நாலு மழை பெய்தது. கூலிங் திரும்பியதற்கு இவையே போதும். பெயரும் பணமும் மெக்கானிக்குக்குப் போயின.

இனி அந்த வெளிர்நீல சிலிண்டர். என்னை மிகவும் உறுத்துவது அதுதான். வெளிர்நீலம் வழக்கமாக ஆர் 134ஏ என்ற இன்னொரு கேஸின் சிலிண்டர் நிறம். உங்கள் மெஷினுக்கு எழுதியிருப்பது ஆர் 600ஏ. இரண்டுக்கும் அழுத்தம் வேறு, கம்ப்ரசர் எண்ணெய் வேறு, கேப்பிலரி அளவு வேறு. ஆர் 600ஏ-க்கான எண்ணெயோடு ஆர் 134ஏ சரியாகக் கலக்காது. குழாய்க்குள் போன எண்ணெய் கம்ப்ரசருக்குத் திரும்பி வராது. இருந்த கேஸின் மேலேயே இதையும் ஏற்றியிருந்தால் அழுத்தம் எகிறி, பக்கச் சுவர் இப்படித்தான் கொதிக்கும். இன்னும் சிலர் சமையல் சிலிண்டரிலிருந்தே அடைக்கிறார்கள். அதில் புரொப்பேனும் இருக்கும், வாசனைக்குச் சேர்த்த கந்தகப் பொருளும் இருக்கும். யாராவது அதைக் கொண்டுவந்தால் மெஷினைத் தொடவே விடாதீர்கள்.

உங்கள் மெக்கானிக் ஏன் கேஸ் இல்லை என்று நினைத்தார் என்பதும் எனக்குப் புரிகிறது. ஆர் 600ஏ ஓடும்போது உறிஞ்சும் பக்கத்தில் அழுத்தம் காற்றழுத்தத்தைவிடக் குறைவாகவே இருக்கும். அழுத்தம் அளக்கும் கேஜ் வைத்தால் முள் பூஜ்யத்துக்குக் கீழே நிற்கும். பழைய கேஸ்களில் பழகிய கண், அதைப் பார்த்ததும் காலி என்று முடிவுகட்டிவிடும். 72 கிராமே உள்ள மெஷினில் கேஜ் ஹோஸை மாட்டிக் கழற்றினாலே சில கிராம் போய்விடும். அப்புறம் அளவும் கிடையாது, தராசும் கிடையாது, கைவாக்கில் ஏற்றுவதுதான். வீட்டில் ஒயரிங் செய்ய லைசென்ஸ் கேட்கும் நாட்டில், தீப்பிடிக்கும் கேஸை அடைக்க வருபவரிடம் யாரும் எதையும் கேட்பதில்லை. ஐ.டி.ஐ.யில் இந்தத் தொழிலுக்கென்றே இரண்டு வருடப் படிப்பு இருக்கிறது. படித்தவர்கள் ஓசூர் கம்பெனிகளுக்குப் போய்விடுகிறார்கள். கிராமத்துக் கடைக்கு வருபவர் யாரோ ஒருவருக்கு எடுபிடியாக இருந்து கற்றுக்கொண்டவர். அவரைக் குறைசொல்லிப் பயனில்லை. விற்ற கம்பெனிகள் தாலுகாவுக்கு ஒரு ஆளையாவது பயிற்சி கொடுத்து உட்கார வைத்திருக்க வேண்டும். விற்கும்போது வீடுவரை வருகிறார்கள், வாரண்டி முடிந்ததும் போன்கூட எடுப்பதில்லை.

கேஸ் உண்மையிலேயே போகிற சந்தர்ப்பம் ஒன்று இருக்கிறது. அதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதைச் செய்வது பெரும்பாலும் நாம்தான். உட்சுவரில் பனிக்கட்டி கெட்டிப்பட்டுப் பாக்கெட் ஒட்டிக்கொண்டதும் கத்தியாலோ ஸ்க்ரூ டிரைவராலோ நெம்புவோம். மெல்லிய தகட்டுக்குப் பின்னால்தான் குழாய் ஓடுகிறது. முனை பட்டால் ஊசி நுழையும் அளவு ஓட்டை போதும். மெஷின் நின்றிருந்தால் 'புஸ்' என்று சத்தம் கேட்கும். ஓடிக்கொண்டிருந்தால் சத்தமே வராது. உள்ளே அழுத்தம் குறைவு என்பதால் கேஸ் வெளியே வருவதற்குப் பதில் காற்றும் ஈரமும் உள்ளே போகும். அந்த ஈரம் கேப்பிலரி முனையில் உறைந்து வழியை அடைக்கும். அரை நாள் கூலிங் இருக்கும், பிறகு நின்றுவிடும், அணைத்து வைத்தால் மறுபடி வரும். இதையும் கேஸ் குறைவு என்றே சொல்வார்கள். வேக்வம் பம்ப் போட்டு ஈரத்தை உறிஞ்சாமல் கேஸ் அடைத்தாலும் இதே கூத்துதான். உங்கள் ஃப்ரீசரில் இப்படி விட்டுவிட்டுக் கூலிங் வந்தால் சொல்லுங்கள். உட்சுவரில் கீறல் இருந்தால் ஓட்டை சுவருக்குள் அடைத்திருக்கும் ஃபோமுக்குள் இருக்கும். பழுதுபார்க்கும் செலவு மெஷினின் மதிப்பை நெருங்கிவிடும். அப்போது மட்டும் புதிது வாங்குவதில் அர்த்தமுண்டு. அப்போதும் எக்ஸ்சேஞ்சுக்கு ஆள் பார்த்துத் தருகிறேன் என்பவரிடம் கொடுக்க வேண்டாம். 'கம்ப்ரசர் போச்சு' என்று இரண்டாயிரத்துக்கு எடுத்துப் பெயிண்ட் அடித்து, அடுத்த ஊரில் பத்தாயிரத்துக்கு விற்கிற கூட்டம் இருக்கிறது. பனிக்கட்டி எடுக்க வேண்டுமானால் மெஷினை அணைத்து, மூடியைத் திறந்து, வெந்நீர்ப் பாத்திரம் ஒன்றை உள்ளே வையுங்கள். கரைந்ததும் மரக்கரண்டியால் தள்ளுங்கள்.

கீறல் இல்லையென்றால், அந்தக் கம்பெனியின் சர்வீஸ் ஆளையோ, தராசும் வேக்வம் பம்பும் வைத்திருக்கும் மெக்கானிக்கையோ கூப்பிடுங்கள். இப்போதிருக்கும் கேஸை முழுதாக வெளியே எடுத்து, ஈரத்தைப் பிடித்துக்கொள்ளும் ஃபில்டர் டிரையரை மாற்றி, வேக்வம் போட்டு, ஆர் 600ஏ-வை 72 கிராம் எடைபோட்டு ஏற்றச் சொல்லுங்கள். உள்ளே கேஸ் இருக்கும்போது குழாயை ஒட்டுகிற நெருப்பு டார்ச்சைப் பற்றவைக்கக் கூடாது, ஆர் 600ஏ தீப்பிடிக்கும். பில்லில் கேஸின் பெயரும் கிராமும் இருக்க வேண்டும். எழுதித் தராதவருக்குப் பணம் தராதீர்கள்.

உங்கள் தம்பி விஷயம். விற்பனையாளர் சொன்னதில் பொய்யில்லை. ஹீட் பம்ப் என்பது திருப்பி வைத்த ஃப்ரீசர்தான்: வெளிக்காற்றிலிருந்து வெப்பத்தை எடுத்துத் தண்ணீருக்குள் விடுகிறது. ஒரு யூனிட் கரண்டில் கம்ப்ரசரை ஓட்டி, காற்றிலிருந்து இரண்டு யூனிட் வெப்பத்தை இழுத்துக்கொண்டால் தண்ணீருக்கு மூன்று கிடைக்கும். சும்மா எதுவும் வரவில்லை. 100 லிட்டர் தண்ணீரை 25 டிகிரியிலிருந்து 50-க்கு ஏற்ற ஏறத்தாழ 3 யூனிட் வெப்பம் வேண்டும். சாதாரண கீசரில் அதற்கு 3 யூனிட் கரண்ட், ஹீட் பம்பில் ஒரு யூனிட்டை ஒட்டி. தினமும் நிறையப் பேர் குளிக்கிற லாட்ஜுக்கு அது கட்டுப்படியாகும்.

ஆனால் மூன்று என்ற எண் எல்லா நேரத்துக்கும் பொருந்தாது. ஓசூர் மேட்டுநிலம். டிசம்பர் விடியற்காலைக் குளிரில் காற்றிலிருந்து எடுக்கும் வெப்பம் குறையும். தண்ணீரை 50-க்குப் பதில் 65 டிகிரிக்கு ஏற்றச் சொன்னால் இன்னும் குறையும். போர்வெல் உப்புநீரால் உள்ளே காறை படிந்தாலும் குறையும். எந்தக் காற்றுச் சூட்டில், எந்தத் தண்ணீர்ச் சூட்டில் அந்த மூன்று கிடைக்கும் என்று கோட்டேஷனிலேயே எழுதி வாங்கச் சொல்லுங்கள். எழுதித் தரத் தயங்குகிறவரை விட்டுவிட்டு வேறு ஆளைப் பார்க்கட்டும்.