ஊசிக்குக் காது, மதகுக்குக் கண்

மதிப்பிற்குரிய ஐயா,

மகளிர் சுயஉதவிக் குழு ஒன்றின் தையல் வகுப்புக்காக ஓர் ஆங்கிலக் கையேட்டைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். ‘ஸ்லிட்’ என்ற சொல் அதில் நாற்பது இடங்களுக்கு மேல் வருகிறது. அகராதியில் பிளவு, கீறல், இடுக்கு, துவாரம், சந்து என்று பல சொற்கள் இருக்கின்றன. கலைச்சொல் என்றால் எங்கும் ஒரே சொல்தான் வர வேண்டும் என்று உடன் பணிபுரியும் நண்பர் சொன்னதால் எல்லா இடத்திலும் ‘பிளவு’ என்றே போட்டுவிட்டேன். படித்தால் மனதுக்கு ஒப்பவில்லை. எந்தச் சொல்லை வைக்கலாம்? ‘சந்து’ வடசொல் என்கிறார்களே, தவிர்க்க வேண்டுமா? பழைய தமிழ்ச் சொல் எதுவும் எனக்கு நினைவுக்கு வரவில்லை. மாதிரிக்குச் சில பக்கங்களை இணைத்திருக்கிறேன்.

அன்புடன்,
ஒரு வாசகி, குன்றத்தூர்

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதம் வந்த அன்று காலையில்தான், அறுந்துபோன சட்டைப் பொத்தானைத் தைக்க உட்கார்ந்து, மூன்று முறை நூல் தவறிப்போன பிறகு பேத்தியைக் கூப்பிட்டு, “காதுல கோத்துக் குடும்மா” என்று ஊசியை நீட்டினேன். “ஊசிக்கு ஏது தாத்தா காது?” என்றாள். அந்தக் கேள்வியையே அசைபோட்டுக்கொண்டிருந்தபோது உங்கள் கடிதம் வந்தது. இல்லாவிட்டால், கலைச்சொல் பற்றி எழுதி எழுதி அலுத்துப்போன நான் இதற்குப் பதில் எழுதியிருப்பேனா என்பது ஐயமே.

‘சந்து’ பற்றிய கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன். ‘சந்தி’யின் உறவுக்காரச் சொல்தான். எலும்புகள் கூடும் மூட்டும் சந்து, இரண்டு வீட்டுச் சுவர்களுக்கு நடுவே ஓடும் குறுகலும் சந்து, பகைத்துக்கொண்ட இருவருக்கிடையே சமாதானம் பேசுவதும் பழைய வழக்கில் சந்து. சென்னையில் தெருப் பெயர்ப்பலகையிலேயே ஏறி உட்கார்ந்துவிட்ட சொல்லை இனி எங்கே அனுப்புவது? ஆனால் துணியில் சந்து கிடையாது. அதை விடுங்கள்.

உங்கள் மாதிரிப் பக்கங்களைப் படித்தேன். ‘பக்கவாட்டுப் பிளவு’ என்று எழுதியிருக்கிறீர்கள். பாறை பிளவுபடும், கட்சி பிளவுபடும். சுரிதாரில் பிளவு என்றால் படிக்கும் பெண் அது தையல் விட்டுக் கிழிந்துவிட்டதாக நினைத்து ஊசியைத் தேடுவாள். இயற்பியல் பாடநூலில் யங்கின் இரட்டைப் பிளவு ஆய்வு இருக்கிறதே என்று உங்கள் நண்பர் கேட்பார். ஒளி போவதற்கு அந்தச் சொல் அங்கே வழங்கிவிட்டது, இருக்கட்டும். ஊசியிடம் வரும்போது அதையும் விட்டு ‘ஊசித் துவாரம்’ என்று எழுதியிருக்கிறீர்களே, அதை மட்டும் என்னால் மன்னிக்க முடியவில்லை. ‘காதற்ற ஊசியும் வாராது’ என்று பட்டினத்தார் பெயரால் வழங்கும் அடி தெரியாத வீடு தமிழ்நாட்டில் உண்டா? விவிலியத்தைத் தமிழாக்கியவர்கள்கூட ஒட்டகத்தை ஊசியின் காதில்தான் நுழைக்கப் பார்த்தார்கள்; ஆங்கிலத்தில் அது கண் என்பதற்காகக் கண்ணில் நுழைக்கவில்லை.

பழைய சொல் நினைவுக்கு வரவில்லை என்று எழுதுகிறவர் குன்றத்தூரில் இருக்கிறார் என்பதுதான் எனக்கு வேடிக்கை. ஐப்பசி, கார்த்திகையில் செம்பரம்பாக்கம் ஏரி 24 அடியை நெருங்கும்போது, 5 கண் மதகைத் திறக்கிறார்களா, 19 கண் மதகைத் திறக்கிறார்களா என்று உங்கள் தெரு முழுக்கப் பேசியிருக்குமே. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு அடையாற்றங்கரையில் குழந்தைகளுக்குக்கூடக் ‘கண்’ என்ற அந்தச் சொல் தெரியும். மேட்டூருக்கு 16 கண் மதகு. சல்லடைக்குக் கண், வலைக்குக் கண், ஊற்றுக்குக் கண், தேங்காய்க்கு மூன்று கண். ஜன்னலுக்குப் பலகணி என்று பெயர் வைத்தவனும் கண்களைத்தான் எண்ணியிருக்கிறான். சிலப்பதிகாரத்தில் தென்றல் வண்டோடு சேர்ந்து ‘கோலச் சாளரக் குறுங்கண்’ நுழைந்து வருகிறது. அதே காப்பியத்தின் புகார் நகரத்தில் ‘மான்கண் காலதர்’ வைத்த மாளிகைகள் இருக்கின்றன. கால் என்றால் காற்று, அதர் என்றால் வழி. காற்று வரும் வழி மானின் கண்ணைப்போல் அமைந்திருக்கிறது. இவ்வளவும் நம்மிடம் இருக்க, அகராதியைத் திறந்து முதலில் கண்ணில் பட்டதை எடுத்துக்கொண்டு கிளம்புவது என்ன பழக்கம்?

கண் என்று ஏன் சொன்னார்கள் என்பதை நான் பல நாள் யோசித்திருக்கிறேன். சல்லடை மாவை விட்டுத் தவிட்டை நிறுத்துகிறது. வலை பொடிமீனை விட்டுப் பெரிய மீனை நிறுத்துகிறது. மதகுக்கு இமைபோல் ஷட்டர் இருக்கிறது. வேண்டும்போது ஏறும், வேண்டாதபோது இறங்கும். எதை விடுவது, எதை நிறுத்துவது என்று தெரிந்த திறப்பைத்தான் நம் ஆட்கள் கண் என்றார்கள் என்பது என் எண்ணம். இலக்கண ஆசிரியர்கள் ஒப்புக்கொள்ளாவிட்டாலும் நான் இதை விடுவதாக இல்லை. கோட்டைச் சுவரில் அம்பு எய்வதற்கு வைத்த துளை பழம்பாடலில் ‘ஏப்புழை’. ஏ என்றால் அம்பு, புழை என்றால் துளை. உள்ளே போவது எது என்பதைப் பெயரே சொல்லிவிடுகிறது. ‘பிளவு’ உங்களுக்கு என்ன சொல்கிறது?

என் அப்பா பழைய வண்ணாரப்பேட்டையில் ஒற்றை ஷட்டர் தையற்கடை வைத்திருந்தார். பதினோரு வயதில் பள்ளி விட்டு வந்து அங்கே காஜா, அதாவது பொத்தான் துளை, எடுப்பேன். சாக்கட்டியால் கோடு போட்டு, துணியை மடித்துச் சிறு கத்தரியால் ஒரு வெட்டு. பிறகு நூலை மெழுகில் இழுத்து, ஊசி முனையில் நூலைச் சுற்றிச் சுற்றி இழுத்து, முடிச்சுகள் வெட்டின் உதட்டில் ஒன்றையொன்று ஒட்டி உட்காரும்படி தைக்க வேண்டும். இரண்டு முனைகளிலும் குறுக்கே கட்டுப் போடாவிட்டால் பத்து சலவையில் வாய் பிளந்துவிடும். இயந்திரம் தைத்துவிட்டு வெட்டும், நாங்கள் வெட்டிவிட்டுத் தைப்போம். அதனால் கை தவறினால் திருத்த வழியில்லை. போர்த்துக்கீசிய மொழியில் வீட்டுக்கும் பொத்தான் துளைக்கும் ‘காசா’ என்று ஒரே சொல்தான். நம் காஜா அங்கிருந்து வந்தது என்கிறார்கள். ஜன்னல், சாவி, பொத்தான் மூன்றும்கூட அவர்கள் விட்டுப் போனவை. ஆகையால் உங்கள் கையேட்டில் காஜாவைக் காஜா என்றே வையுங்கள், ‘பொத்தான் பிளவு’ வேண்டாம். பக்கத் திறப்புக்குக் கடையில் சொல்லும் ‘சைடு ஓபன்’ போதும். கைமுனைத் திறப்புக்குப் பட்டி. மற்றவற்றை அந்தந்த இடத்தைப் பார்த்து நீங்களே முடிவுசெய்துகொள்ளுங்கள்.

ஒருநாள் வாடிக்கையாளர் ஒருவரின் வெள்ளைச் சட்டையில் இரண்டு இழை கூடுதலாக வெட்டிவிட்டேன். பொத்தான் தானாகவே நழுவியது. அப்பா திட்டவில்லை. முனையில் நாலு தையல் கூட்டிப் போட்டு வாயைச் சுருக்கினார். பிறகு ஒரு காடாத் துணியை என் மடியில் போட்டு, “நூறு எடுடா. பொத்தான் சிரமப்பட்டுப் போகணும், போனா வரக்கூடாது” என்றார். ஏழு நாளானது. அந்தத் துணி இன்னும் என்னிடம் இருக்கிறது. முதல் நாலு வரிசை பார்க்கச் சகிக்காது, கடைசி வரிசையில் ஐந்தாறு பரவாயில்லை. உங்கள் கையேட்டில் படம் போடும் உத்தேசம் இருந்தால் சொல்லுங்கள், அனுப்பி வைக்கிறேன்.